14 மாசமா வீட்டு பயோகேஸ் டிரம் வச்சிருக்கேன்: கேஸ் வருது, லீக்கை பத்திதான் யாரும் சொல்லல

போன வருஷம் ஆடித் தள்ளுபடின்னு சொல்லித்தான் வித்தாங்க. பயோகேஸ் டிரம்முக்கு எதுக்குய்யா ஆடித் தள்ளுபடின்னு அப்பவே சிரிச்சேன், சிரிச்சுகிட்டே வாங்கிட்டேன். இப்ப புரட்டாசி, 14 மாசம் ஓடிப் போச்சு. வாங்குன மூணாம் நாளே பிரமாதம் சூப்பர்னு ரிவ்யூ போடறவங்க இருக்காங்க, ஆனா இந்த சாமான பொறுத்தவரைக்கும் ஒரு மார்கழியும் ஒரு சித்திரையும் பாக்காம எழுதறது சும்மா, ஏன்னு கீழ சொல்றேன். கம்பெனி பேர் போடல. என் குறை பாதி அவங்க சர்வீஸ் மேல, மீதி இந்த டிசைன் மேல, டிசைன் யார் வித்தாலும் ஏறக்குறைய இதேதான்.

என்ன சாமான்னு தெரியாதவங்களுக்கு: கறுப்பு பிளாஸ்டிக் டேங்க் ஒண்ணு, 1000 லிட்டர். அதுக்குள்ள இன்னொரு டிரம்ம கவுத்து விட்டிருப்பாங்க. கீழ சாணி கரைசல், ஒரு பக்கம் குழாய்ல சாப்பாட்டுக் கழிவ ஊத்தணும், கேஸ் உருவாக உருவாக மேல உள்ள டிரம் மிதந்து ஏறும், நிறைஞ்சா அரை கன மீட்டர் மாதிரி கேஸ் நிக்கும். அங்கருந்து ஹோஸ், ஹோஸ் முடியற எடத்துல ஒத்த பர்னர் அடுப்பு. ஃபிட்டிங்கோட 24,000 ரூபா குடுத்தேன். முதல்ல கரைக்க வேண்டிய சாணிய நாமளே கொண்டு வரணும்ங்கறது மட்டும் நோட்டீஸ்ல பொடி எழுத்துல இருந்துச்சு. திருச்சில டவுனுக்குள்ள வீடு வச்சிருக்கறவன் சாணிக்கு எங்க போவான், ஒரு குட்டியானை பிடிச்சு தெரிஞ்ச மாட்டுக்காரர் கிட்ட போய் அள்ளிட்டு வந்தோம், அன்னைக்கு தெருவே மூக்க பொத்திகிட்டு என்னையதான் பாத்துச்சு.

எனக்கு இது புதுசு இல்ல. மன்னார்குடி பக்கம் தாத்தா வீட்டு கொல்லைல கோபர் கேஸ் இருந்துச்சு, காதி கமிஷன் மாடல், இரும்பு டிரம். பாட்டி காலைல எந்திரிச்சதும் டிரம் ஏறியிருக்கா பாருடான்னுதான் என்னை எழுப்புவாங்க. துரு பிடிச்சு ஓட்டை விழுந்ததும் அப்படியே போட்டாச்சு, அப்புறம் அதுல பூசணிக்கொடிதான் ஏறுச்சு. பிளாஸ்டிக் வந்ததுல அந்த துரு தொல்லை இல்ல, அது வரைக்கும் நல்லதுதான்.

இந்த கேஸ்ல எரியறது மீத்தேன்தான். டிரம்ம நான் வாங்கிட்டேன்னு தெரிஞ்சதும் எங்க மாமா போன் பண்ணி, "மீத்தேன் வேணாம்னு நாங்க ரோட்டுல உக்காந்தோம், நீ என்னடா மாப்ள வீட்லயே எடுக்க ஆரம்பிச்சிட்டே"ன்னு கேட்டாரு. டெல்டாக்காரங்களுக்கு மீத்தேன்னா 2010ல வந்த அந்த திட்டம்தான். வயலுக்கு அடில இருக்கற நிலக்கரிப் படுகைலருந்து எடுக்கப் போறோம்னு வந்தாங்க, இயற்கை விவசாயம் பேசுன நம்மாழ்வார் ஐயா அத எதிர்த்து ஊர் ஊரா போய் பேசி 2013 டிசம்பர்ல அந்த வேலையா இருக்கும்போதே தவறினாரு, கடைசில 2020ல டெல்டால இந்த மாதிரி புதுசா தோண்டறத தடுக்கற பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டல சட்டம் வந்துச்சு. அது பூமிக்கடில கோடிக்கணக்கான வருஷமா கிடந்தது மாமா, இது நேத்து ராத்திரி மிஞ்சுன ரசம்னு சொன்னேன். அவருக்கு சமாதானம் ஆகல. இப்ப யோசிச்சா அவர் கேட்டதுல பாதி நியாயம் இருக்கு, பூமிக்கடிலருந்து வந்தாலும் ரசத்துலருந்து வந்தாலும் மேல போயிட்டா வானத்துக்கு ரெண்டும் ஒரே மீத்தேன்தான்.

சரி கேஸுக்கு வர்றேன். முதல் பத்து பன்னெண்டு நாள் டிரம் ஏறும், அடுப்பு பத்தாது. ஏமாத்திட்டாங்கன்னு நினைச்சு சண்டைக்கு போயிடாதீங்க, முதல்ல வர்றதுல காத்தும் கார்பன் டை ஆக்சைடும்தான் ஜாஸ்தி, அத ரெண்டு தடவ திறந்து விட்டுடணும். திறந்து விடும்போது கிட்ட நெருப்பு வேண்டவே வேண்டாம், டிரம் வாய்ல தீக்குச்சி கிழிச்சு டெஸ்ட் பண்றதெல்லாம் வேண்டவே வேண்டாம், மீத்தேன் காத்தோட 5லருந்து 15 சதவீதம் கலந்து நின்னா வெடிக்கும். எங்க வீட்ல 18ஆம் நாள் சாயங்காலம் பத்துச்சு. நீலமா, சத்தமே இல்லாம. அம்மா முதல்ல பால் காய்ச்சினாங்க, புது வீட்டுக்கு காய்ச்சற மாதிரி. பாத்திரத்துல கரி பிடிக்கல, சாப்பாட்டுல வாடை வரல. அழுகுன முட்டை வாடை வருமேன்னு கேக்கறாங்க, அது ஹைட்ரஜன் சல்ஃபைடு, எரிஞ்சா தெரியாது, எரியாம வெளிய வந்தாத்தான் மூக்குல ஏறும். மீத்தேனுக்குன்னு தனியா வாடையே கிடையாது.

எவ்வளவு வருதுன்னா, சேல்ஸ்மேன் சொன்னது தினம் ரெண்டு மணி நேரம். எனக்கு வர்றது முக்கால் மணிலருந்து ஒரு மணி நேரம். அதுக்கே மூணு கிலோ கழிவு வேணும், அஞ்சு பேர் இருக்கற வீட்ல மூணு கிலோ எங்கருந்து வரும், அதனால முக்குல இருக்கற இட்லிக்கடைல மாவு கழுவுன தண்ணியும் மிஞ்சுன சட்னி சாம்பாரும் ஒரு வாளி தினம் வாங்கிட்டு வர்றேன். சிலிண்டர் முன்னாடி 40 நாள் வந்துச்சு, இப்ப 60 நாள் தாண்டுது. வருஷத்துக்கு மூணு சிலிண்டர் மிச்சம். ஒரு சிலிண்டர் 800 சொச்சம்னு வச்சா 2,500, 2,600 ரூபா. 24,000 ரூபாய எடுக்க ஒம்பது வருஷம் ஆகும், அவங்க சொன்னது ரெண்டு வருஷம். காசு மிச்சமாகும்னு மட்டும் நினைச்சு வாங்கறவங்க இதோட நிறுத்திக்கலாம், கீழ படிக்க வேண்டாம்.

நடுவுல ஒரு தடவ புளிச்சும் போச்சு. பக்கத்து தெருவுல ஒரு விசேஷம், மிஞ்சுன எலுமிச்சை சாதம், தயிர்சாதம், சாறு பிழிஞ்ச எலுமிச்சம்பழ மூடி எல்லாத்தையும் ஆசை ஆசையா ஒரே நாள்ல கொட்டிட்டேன். மறுநாள்லருந்து டிரம் அசையல, அடுப்பு பக்குபக்குன்னு அணைஞ்சுது, பக்கத்துல போனா புளிச்ச வாடை. உள்ள ரெண்டு கூட்டம் பூச்சி, அதாவது கண்ணுக்குத் தெரியாத நுண்ணுயிர், வேலை செய்யுது, ஒரு கூட்டம் சாப்பாட்ட உடைச்சு அமிலமாக்கும், இன்னொரு கூட்டம் அந்த அமிலத்துலருந்து வர்றத தின்னு மீத்தேன் விடும். முதல் கூட்டம் வேகமான ஆளுங்க, ரெண்டாவது நிதானம். ஒரேயடியா கொட்டுனா அமிலம் ஏறிப் போய் நிதானக்காரங்க செத்துப் போறாங்க. பத்து நாள் எதுவும் ஊத்தாம, கொஞ்சம் சுண்ணாம்பு கரைச்சு ஊத்தி, ரெண்டு வாளி புது சாணி போட்டப்புறம்தான் திரும்பி வந்துச்சு. எலுமிச்சை, ஆரஞ்சுத் தோல், முட்டை ஓடு, எலும்பு, தேங்கா நாரு இதெல்லாம் எப்பவுமே போடாதீங்க. கழனித்தண்ணி, வடிச்ச கஞ்சி, பழைய சோறு, புளிச்ச தோசைமாவு கொஞ்சமா, இதெல்லாம் அதுக்கு அல்வா மாதிரி.

இப்ப நான் இத எழுத உக்காந்த விஷயம்.

மாசி மாசத்துல ஒரு நாள் கவனிச்சேன், ராத்திரி அடுப்ப மூடிட்டு படுக்கும்போது இருந்த உயரத்துல காலைல டிரம் இல்ல. சரி பிரமையா இருக்கும்னு அன்னைக்கு ராத்திரி டிரம் பக்கவாட்டுல சாக்பீஸ்ல ஒரு கோடு போட்டு வச்சேன். காலைல கோடு ரெண்டு விரக்கடை தண்ணிக்குள்ள. ராத்திரி குளிர்ல கேஸ் கொஞ்சம் சுருங்கும், அது தெரியும், ஆனா இவ்வளவு இறங்காது, அதுவும் உள்ள புதுசா கேஸ் ஊறிகிட்டே இருக்கும்போது. போன் பண்ணேன், எடுக்கல. வாட்ஸப் பண்ணேன், ரெண்டு நீல டிக் வந்துச்சு, பதில் வரல. 11 நாள் கழிச்சு ஒரு தம்பி வந்தாரு, பாவம் அவரு மேல தப்பில்ல, நாலு மாவட்டத்துக்கு அவர் ஒருத்தராம். மோந்து பாத்துட்டு, "கொஞ்சமாத்தான் சார் லீக்கு, வெட்டவெளிதானே, ஒண்ணும் ஆகாது"ன்னாரு.

வெடிக்காது, அந்த அர்த்தத்துல ஒண்ணும் ஆகாதுதான். அவர் போனப்புறம் நான் பாத்திரம் தேய்க்கிற லிக்விட கரைச்சு நுரைய வால்வு மேல தடவிப் பாத்தேன். ஹோஸ் மாட்டுற எடத்துல குட்டிக் குட்டியா முட்டை விட்டுச்சு, மீன் மூச்சு விடற மாதிரி, ஒண்ணு உடையும் அடுத்தது வரும். கிளிப்பு இறுக்கமா இல்ல. ஹார்டுவேர் கடைல 30 ரூபாய்க்கு வேற கிளிப் வாங்கி முறுக்குனேன், நின்னு போச்சு. 24,000 ரூபா சாமான், 30 ரூபா கிளிப்.

அப்புறம் சும்மா இருக்காம கணக்கு போட்டேன், அதுலதான் தூக்கம் போச்சு. நான் இத வாங்குன காரணத்துல பாதி கிளைமேட், நோட்டீஸ்ல பச்சை இலைக்கு நடுவுல பூமி படம் போட்டிருந்துச்சு. என் டிரம் தினம் 300 லிட்டர் கேஸ் தருது, அதுல 60 சதவீதம் மாதிரி மீத்தேன். லீக்கு அஞ்சுல ஒரு பங்கு இருந்திருக்கும், அதாவது 60 லிட்டர் கேஸ், அதுல மீத்தேன் எடை 24 கிராம் மாதிரி. 24 கிராம்னா என்ன, ஒரு கைப்பிடி பொரிகடலை. ஆனா 20 வருஷ கணக்குல பாத்தா ஒரு கிலோ மீத்தேன் 80 கிலோ கார்பன் டை ஆக்சைடு அளவுக்கு சூடு ஏத்தும், அப்போ இந்த 24 கிராம் தினம் ரெண்டு கிலோ கார்பன் டை ஆக்சைடுக்கு சமம். எரிச்ச மீதி கேஸால எனக்கு மிச்சமான எல்பிஜி தினம் 100 கிராம், அது எரிஞ்சிருந்தா 300 கிராம் கார்பன் டை ஆக்சைடு வந்திருக்கும். 300 கிராம மிச்சம் பண்ணிட்டு ரெண்டு கிலோவ திறந்து விட்டிருக்கேன்.

குப்பைவண்டில போட்டிருந்தாலும் அந்த கழிவு குப்பைக்கிடங்குல காத்து புகாம அழுகி மீத்தேன்தான் விட்டிருக்கும், அதனால மொத்தத்துல நஷ்டம்னு சொல்ல மாட்டேன். எங்க திருச்சி அரியமங்கலம் கிடங்க தஞ்சாவூர் ரோட்டுல போகும்போதெல்லாம் புகையப் பாத்து வளந்தவன் நான், 2022 ஏப்ரல்ல சென்னைல பெருங்குடி கிடங்கு நாள் கணக்குல எரிஞ்சதும் ஞாபகம் இருக்கும், அந்த தீய வளக்கறதுல உள்ள ஊறுற இந்த கேஸுக்கும் பங்கு உண்டு. ஆனா கிடங்குல நடக்கறது தானா நடக்குது, என் வீட்ல காசு குடுத்து, தினம் வாளி தூக்கி, வேணும்னே மீத்தேன் தயார் பண்றேன். தயார் பண்ணத மொத்தமா எரிச்சாத்தான் இதுக்கு ஒரு அர்த்தம். எரிஞ்சா ஒரு கிலோ மீத்தேன் மூணு கிலோவுக்கும் கம்மியான கார்பன் டை ஆக்சைடா மாறி முடிஞ்சு போகும், அதுவும் அரிசிலயும் காய்லயும் இருந்த கார்பன்தான். இந்த ஒரு விஷயத்த விக்கறவங்க யாரும் சொல்லல. கைல குடுத்த 12 பக்க புக்லெட்ல லீக் டெஸ்ட் எப்படி பண்றதுன்னு ஒரு வரி கிடையாது.

சித்திரை மேட்டர் இது. மார்கழில கேஸ் அரை மணி நேரம்தான் வந்துச்சு, அதே வாளி, அதே இட்லிக்கடை. வெயில் ஏற ஏற கேஸும் ஏறுச்சு, சித்திரைல டிரம் மதியத்துக்குள்ள முழுசா ஏறி, ஓரத்துல பொளக் பொளக்னு குமிழி விட்டு வெளிய தள்ளுது. உள்ள இருக்கற பூச்சிக்கு சூடு பிடிக்கும், சூட்டுக்கு ஏத்த மாதிரி வேலை செய்யும். இத கொல்லைல நின்னு பாக்கும்போதுதான் எனக்கு அந்த பெரிய கதை புரிஞ்சுச்சு. காத்துல மீத்தேன் தொழிற்சாலைக் காலத்துக்கு முன்னாடி நூறு கோடிக்கு 700 சொச்சம் பங்கு இருந்துச்சு, இப்ப 1,900ஐ தாண்டியாச்சு, இதுவரைக்கும் ஏறுன சூட்டுல அரை டிகிரி மாதிரி இதோட கைவரிசை. 1999லருந்து 2006 வரைக்கும் ஏறாம நின்னுச்சு, அப்பாடான்னு இருந்தாங்க, 2007ல மறுபடி ஏற ஆரம்பிச்சு 2021ல ஒரே வருஷத்துல 17, 18 பங்கு தாவுச்சு, அளக்க ஆரம்பிச்சதுலருந்து அதுதான் பெரிய தாவல். எங்கருந்து வருதுன்னு மீத்தேன்ல இருக்கற கார்பனோட ரகத்த (லேசானது எவ்வளவு, கனமானது எவ்வளவுன்னு) வச்சு பாத்தா, எண்ணெய்க் கிணறு ரகத்த விட பூச்சி விடற ரகம்தான் கூடிகிட்டே போகுது, அதாவது சதுப்பு நிலம், மாட்டு வயிறு, தண்ணி நிக்கற வயல், குப்பைமேடு. என் டிரம்முக்குள்ள இருக்கற அதே ஜாதி. சூடு ஏறுனா சதுப்பு நிலத்துல பூச்சிக்கு கொண்டாட்டம், அது கேஸ் விட்டா இன்னும் சூடு. என் கொல்லைலயாவது மூடி இருக்கு.

அதுக்காக கிணறு, குழாய், சுரங்கத்த விட்டுட முடியாது, மனுஷனால வர்ற மீத்தேன்ல மூணுல ஒரு பங்கு அங்கருந்துதான், என் 30 ரூபா கிளிப் மாதிரி அடைக்க சுலபமானதும் அங்கதான் ஜாஸ்தி. அந்த லீக்க வானத்துலருந்து கண்டுபிடிக்க 2024 மார்ச்ல மீத்தேன்சாட்னு ஒரு செயற்கைக்கோள் விட்டாங்க, 2025 ஜூன்ல தொடர்பு அறுந்து போச்சு. எனக்கு பாத்திரம் தேய்க்கிற லிக்விடே போதும். நல்ல சேதி ஒண்ணு உண்டு, மீத்தேன் மேல போனா பன்னெண்டு வருஷம் மாதிரிதான் நிக்கும், கார்பன் டை ஆக்சைடு மாதிரி நூத்துக்கணக்கான வருஷம் உக்காராது, இப்ப அடைச்சா நம்ம காலத்துலயே பலன் தெரியும். 2030க்குள்ள 30 சதவீதம் குறைக்கறோம்னு 2021ல கிளாஸ்கோல நிறைய நாடு சேந்து உறுதிமொழி எடுத்துச்சு, இந்தியா அதுல சேரல. இங்க மீத்தேன்ல பெரும்பங்கு மாடும் நெல்லும், அது ஏழை சனங்க வயித்துப்பாடுங்கறது நம்ம ஆளுங்க வாதம். அத தப்புன்னும் சொல்ல முடியல, வயல்ல தண்ணிய காய விட்டு காய விட்டு பாய்ச்சுனாலே நல்லா குறையும்ங்கும்போது முழுசா ஒத்துக்கவும் முடியல.

ஊருக்கு போறவங்களுக்கு ஒரு எச்சரிக்கை. வைகாசில சென்னைல மச்சினன் கல்யாணம், ஆறு நாள் வீட்ட பூட்டிட்டு போனோம், கிளம்புற அன்னைக்கு காலைலயும் வழக்கம்போல வாளிய ஊத்திட்டு. திரும்பி வந்தப்ப டிரம் உச்சில, ஓரத்துல குமிழி. ஒரு டிரம் அளவாவது வெளிய போயிருக்கும். 200 கிராம் மீத்தேன், 80ஆல பெருக்குனா 16 கிலோ, ஏழு லிட்டர் பெட்ரோல் எரிச்சதுக்கு சமம். நாங்க ரயில்லதான் போனோம், எங்க டிரம் மட்டும் பைக் எடுத்துகிட்டு சென்னைலருந்து திருச்சி வந்திருக்கு. இப்பல்லாம் ஊருக்கு போக மூணு நாள் முன்னாடியே ஊத்தறத நிறுத்திடறேன், பக்கத்து வீட்டு அக்கா கிட்ட கொல்லை சாவிய குடுத்துடறேன், அவங்க வந்து வெந்நீர் போட்டுக்கறாங்க.

வாங்கறதுன்னு முடிவு பண்ணிட்டவங்க டிரம் ஓரத்துல தனியா தண்ணி நிக்கற மாதிரி இருக்கற மாடலா கேளுங்க, வாட்டர் ஜாக்கெட்னு சொல்வாங்க, கொஞ்சம் விலை கூட. என்னுது சாதா மாடல், டேங்குக்கும் டிரம்முக்கும் நடுவுல கரைசல் வெட்டவெளியா கிடக்கு, அந்த இடுக்குல ஊறுற கேஸ் டிரம்முக்குள்ள போகாம நேரா மேல போகுது, போதாக்குறைக்கு கொசு வேற. வெளிய வர்ற கரைசல வாளில நாள் கணக்கா தேக்கி வைக்காம அன்னன்னைக்கே தண்ணி கலந்து செடிக்கு ஊத்திடுங்க, வாளிலயும் மிச்ச மீத்தேன் வந்துகிட்டுத்தான் இருக்கும். அந்த கரைசலுக்கு மட்டும் நான் முழு மார்க் போடுவேன், எங்க வீட்டு பூவன் வாழை இந்த தடவ போட்ட தார மாமாவே வாய திறந்து பாத்தாரு.

கிளைமேட்டுக்காக மட்டும்தான்னா இது தேவையே இல்ல, ஓட்டை போட்ட மண்தொட்டில காஞ்ச இலையும் கழிவும் மாத்தி மாத்தி போட்டு கிளறி விட்டா போதும், காத்து பட்டு மக்குனா மீத்தேன் ரொம்ப கம்மி, செலவு ஆயிரம் ரூபாகூட ஆகாது. அடுப்பும் எரியணும், தினம் வாளி தூக்க சலிக்காது, மாசம் ஒரு தடவ நுரை தடவிப் பாக்க பொறுமை இருக்குன்னா டிரம் வாங்கலாம். வாடகை வீடு, அடிக்கடி ஊருக்கு போற குடும்பம், அபார்ட்மென்ட் பால்கனி, வேண்டாம். அஞ்சுக்கு கேஸுக்கு மூணரை, கரைசலுக்கு அஞ்சு, சர்வீஸுக்கு ஒண்ணு, அந்த ஒண்ணும் 11 நாள் கழிச்சாவது வந்து நின்ன தம்பிக்காக.

அம்மா கூப்பிடறாங்க, டிரம் முக்காலுக்கு மேல ஏறிடுச்சாம், நவராத்திரி சுண்டலுக்கு கொண்டக்கடலைய அதுலயே ஏத்திடறேங்கறாங்க.